அரியது, பூர்வீகமானது, கடைசியானது: ஒரு யூகலிப்டஸை அடையாளம் காண்பதன் வரலாறு

1

'அரிய பூர்வீக யூகலிப்டஸ்' என்று சொன்னால் தமிழ் வாசகருக்குச் சிரிப்புதான் வரும். நமக்குத் தெரிந்த யூகலிப்டஸ் அரியதும் இல்லை, பூர்வீகமானதும் இல்லை. ஊட்டிச் சரிவில் அது கற்பூர மரம். புதுக்கோட்டைப் பக்கம் போனால் தைல மரம். சளி பிடித்தால் நீலகிரித் தைலம். நிலத்தடி நீரைக் குடித்துத் தீர்க்கிற 'வந்தேறி' என்று அதைத் திட்டியும் பழகிவிட்டோம். 1983இல் கர்நாடகத்தின் தும்கூர்ப் பகுதி விவசாயிகள் வனத்துறை நாற்றங்காலில் புகுந்து யூகலிப்டஸ் நாற்றுகளைப் பிடுங்கி எறிந்தது சூழலியல் வரலாற்றில் இடம்பெற்றுவிட்ட நிகழ்ச்சி. ஆக, நம் அனுபவத்தில் இந்த மரம் பெரும்பான்மையின் குறியீடு. எங்கே பார்த்தாலும் ஒரே மாதிரி, வரிசை வரிசையாக.

ஆனால் 'யூகலிப்டஸ்' என்பது ஒரு மரத்தின் பெயர் இல்லை. எழுநூறுக்கு மேற்பட்ட இனங்களைக் கொண்ட ஒரு பேரினத்தின் பெயர். அவற்றில் மிகச் சில தவிர எல்லாமே ஆஸ்திரேலியாவுக்கு உரியவை. உலகம் முழுக்கத் தோட்டம் போடப் பயன்படுவது அவற்றில் ஒரு கைப்பிடிதான். மற்றவை தத்தம் மலை, தத்தம் மணல், தத்தம் ஓடைக்கரை என்று இருந்த இடத்திலேயே இருப்பவை. 2020ஐ ஒட்டி நடந்த மதிப்பீட்டின்படி யூகலிப்டஸ் வகை மரங்களில் ஏறத்தாழ நாலில் ஒரு பங்கு அழியும் அபாயத்தில் இருக்கிறது. முக்கியக் காரணம் காடழித்து வயலும் மேய்ச்சல் நிலமும் ஆக்கியது.

நியூ சவுத் வேல்ஸ் மாநிலத்தின் தென் மேட்டுநிலத்தில், மொங்கார்லோ என்கிற பழைய பொன்சுரங்க ஊரை ஒட்டிய பகுதியில், அப்படி ஓர் இனம் உண்டு. 'யூகலிப்டஸ் ரிகர்வா'. 1980களின் நடுவில்தான் அது தாவரவியலாளர் கண்ணில் பட்டது. 1988இல் மைக்கேல் கிரிஸ்ப் 'டெலோப்பியா' ஆய்விதழில் அதை விவரித்துப் பெயர் வைத்தார். காட்டில் இன்று இருப்பதாகத் தெரிகிற செடிகளை விரல்விட்டு எண்ணிவிடலாம். இவ்வளவுதான் ஓர் இனம் முழுவதும்.

இங்கே கேட்க வேண்டிய கேள்விகள் சில உண்டு. ஒரு மரத்தை 'இது இன்னது' என்று அடையாளம் காண்பதும், 'அரியது' என்றும் 'பூர்வீகமானது' என்றும் வகைப்படுத்துவதும் மரத்தின் குணங்களைப் படிப்பது மட்டும்தானா? அல்லது யாரோ ஓர் இடத்திலிருந்து, ஏதோ ஒரு தேவைக்காகப் பார்க்கிற பார்வையும் அதில் சேர்ந்திருக்கிறதா?

2

பெயரிலிருந்து தொடங்குவோம். 1777 ஜனவரியில் கேப்டன் குக்கின் மூன்றாம் பயணக் கப்பல்கள் தாஸ்மேனியாவின் தெற்கே புரூனி தீவின் அட்வெஞ்சர் விரிகுடாவில் சில நாட்கள் தங்கின. கப்பலில் வந்த டேவிட் நெல்சன் என்கிற செடி சேகரிப்பாளர் ஒரு மரத்தின் கிளையை ஒடித்து உலர்த்தி எடுத்துப்போனார். அது லண்டன் பிரிட்டிஷ் மியூசியத்துக்குப் போய்ச் சேர்ந்தது. சுமார் பத்து வருஷம் கழித்து பிரெஞ்சுக்காரர் லெரித்தியே அங்கே வருகிறார். அவர் வந்த காரணமே ஒரு கதை. தென் அமெரிக்காவில் டோம்பே சேகரித்த உலர்தாவரங்களை ஸ்பெயின் கேட்டது. கொடுக்க மனமில்லாமல் அவற்றைத் தூக்கிக்கொண்டு லண்டனுக்கு வந்துவிட்டார். வந்த இடத்தில் நெல்சனின் கிளையைப் பார்த்தார். 1788 என்று ஆண்டிட்ட நூலில் அதற்கு 'யூகலிப்டஸ் ஒப்ளிக்வா' என்று பெயர் சூட்டினார்.

யூகலிப்டஸ் என்றால் கிரேக்கத்தில் 'நன்றாக மூடப்பட்டது'. இந்த மரத்தின் பூவில் நாம் வழக்கமாகப் பார்க்கிற இதழ் கிடையாது. மொட்டுக்கு மேல் ஒரு மூடி இருக்கும். பூ மலர்கிறபோது மூடி கழன்று விழுந்து மகரந்தத் தாள்கள் குஞ்சம்போல் விரியும். 'ஒப்ளிக்வா' என்றால் கோணல். இலையின் அடிப்பக்கம் இரண்டு புறமும் சமமாக இல்லாததால். பொருத்தமான பெயர்தான், மறுக்கவில்லை. ஆனால் பெயர் வைத்தவர் உயிரோடு நிற்கிற ஒரு யூகலிப்டஸைக் கூடப் பார்த்ததில்லை என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும்.

1788 சாதாரண வருஷம் இல்லை. அந்த ஜனவரி 26இல்தான் முதல் கைதிக் கப்பல்படை சிட்னியில் காலனியை நிறுவியது. நிலத்துக்கு 'யாருமில்லா நிலம்' என்று பொருள் கொண்டு குடியேறியவர்கள் ஒருபுறம். மரத்துக்குப் பெயரே இல்லை என்று பொருள் கொண்டு பெயர் சூட்டியவர் மறுபுறம். இரண்டும் ஒரே வருஷத்தில் விழுந்தது தற்செயல். இரண்டும் ஒரே தர்க்கத்தில் இயங்கியது தற்செயல் இல்லை.

பெயர்கள் இல்லாமலா இருந்தன? தென்மேற்கில் நியூங்கார் மக்களின் மொழியிலிருந்துதான் 'ஜாரா', 'காரி', 'டுவார்ட்', 'வாண்டூ' எல்லாம் ஆங்கிலத்துக்குப் போயின. 'கூலிபா' கமிலராய் மொழிச் சொல். அடியிலிருந்தே பல தண்டுகளாகக் கிளைக்கிற குட்டை யூகலிப்டஸ்களை உலகம் இன்று 'மாலி' என்கிறது. அதுவும் பூர்வகுடிச் சொல்லே. வெள்ளைக்காரன் இச்சொற்களை 'வட்டாரப் பெயர்' என்று கீழே வைத்தான். லத்தீனில் எழுதியது மட்டும் 'அறிவியல் பெயர்'. கையாளுகிறவன் சொல் வழக்குச் சொல்லாகவும் பட்டியலிடுகிறவன் சொல் அறிவாகவும் ஆகிப்போகிற இந்த ஏற்பாடு நமக்கு ஒன்றும் புதிதில்லை.

நெல்சன் பிறகு என்ன ஆனார்? மேற்கிந்தியத் தோட்டங்களில் அடிமைகளுக்கு மலிவான உணவாகட்டும் என்று ஈரப்பலாக் கன்றுகளை டஹிட்டியிலிருந்து கொண்டுபோகக் கிளம்பிய 'பௌண்ட்டி' கப்பலில் தாவரப் பொறுப்பாளராகப் போனார். கலகக்காரர்கள் கேப்டனோடு சேர்த்து அவரையும் படகில் இறக்கிவிட்டார்கள். 1789இல் திமோரில் காய்ச்சலில் செத்தார். தாவரவியல், கப்பல்படை, அடிமைத் தோட்டம் மூன்றும் அந்த ஒரே மனிதரின் வாழ்க்கையில் வந்து சேருகின்றன.

3

அடையாளம் காணும் முறைக்கும் ஓர் இட அரசியல் உண்டு. யூகலிப்டஸைப் பிரித்தறிவது லேசான காரியம் இல்லை. ஒரே மரம் இளமையில் ஒரு மாதிரி இலை, முதிர்ச்சியில் வேறு மாதிரி இலை போடும். நீலகிரியில் நிற்கிற நீல யூகலிப்டஸைப் பாருங்கள்: கன்றில் இலைகள் அகலமாக, வெண்ணீறு பூசினதுபோல, எதிரெதிர் ஜோடியாகத் தண்டைக் கட்டிக்கொண்டிருக்கும், பெரிய மரத்தில் நீண்டு அரிவாள்போல் தொங்கும். தெரியாதவன் இரண்டும் வேறு மரம் என்று சத்தியம் பண்ணுவான். இது போதாதென்று பக்கத்து இனங்களோடு கலந்து கலப்பினங்களையும் உண்டாக்கும். எனவே பட்டை, மொட்டு, காய், காயின் வாய்ப்பிளவு, இளம் இலை, முதிர் இலை எல்லாவற்றையும் சேர்த்து வாசித்தால்தான் ஒரு முடிவுக்கு வர முடியும்.

19ஆம் நூற்றாண்டின் நடுவில் மெல்போர்னில் அரசுத் தாவரவியலாளராக இருந்த ஃபெர்டினாண்ட் ஃபோன் முல்லர் பட்டையை வைத்து வகைப்படுத்தலாம் என்றார். வழவழப்பாக உரிவது, நார்நாராக இருப்பது, இரும்புபோல் கறுத்து வெடிப்பது என்று. காட்டில் நடக்கிறவனுக்கு முதலில் தெரிவது பட்டைதானே. பூர்வகுடி மக்கள் படகும் கேடயமும் கலமும் செய்தது பட்டையை உரித்துத்தான். பட்டையறிவு அவர்களுக்குத் தொழிலறிவு. ஆனால் ஆஸ்திரேலியத் தாவரங்கள் அனைத்தையும் ஏழு தொகுதிகளில் (1863–1878) எழுதும் வேலை லண்டனில் இருந்த ஜார்ஜ் பெந்தாமிடம் போனது. அவர் ஆஸ்திரேலியாவில் கால் வைத்ததே இல்லை. முல்லர் இங்கிருந்து உலர்தாவரங்களைப் பெட்டி பெட்டியாக அனுப்ப வேண்டியது. தலைப்புப் பக்கத்தில் அவர் பெயர் 'உதவியவர்' என்று வரும். உலர்ந்த கிளையோடு பட்டை வருவதில்லை. அதனால் 1867இல் வந்த மூன்றாம் தொகுதியில் பெந்தாம் மகரந்தப் பையின் வடிவத்தை வைத்து யூகலிப்டஸ்களைப் பிரித்தார். மேசையில் உட்கார்ந்து உருப்பெருக்கியில் பார்க்கக்கூடியது அது.

இதில் பெந்தாம் தவறு, முல்லர் சரி என்று தீர்ப்புச் சொல்வது நோக்கமில்லை. மகரந்தப் பையும் உண்மையான வேறுபாடுதான்; பின்னால் வந்தவர்களுக்கும் அது பயன்பட்டது. ஒரு பொருளின் எந்தக் கூறு 'முக்கியமான கூறு' ஆகிறது என்பதை அந்தப் பொருள் மட்டும் தீர்மானிக்கவில்லை, அறிபவன் உட்கார்ந்திருக்கிற இடமும் தீர்மானிக்கிறது என்பதே நமக்கு வேண்டியது. இயற்கை வரலாறு என்பது கண்ணுக்குத் தெரிவதைக் குறைத்து, தேர்ந்தெடுத்து, பெயரிடுவது என்று ஃபூக்கோ சொன்னது இங்கே நேராகப் பொருந்துகிறது. அவர் விட்டுவிட்டது ஒன்று உண்டு: பட்டியல் போடப்பட்ட அறைக்கும் செடி ஒடிக்கப்பட்ட கரைக்கும் நடுவே ஒரு பேரரசு இருந்தது. முல்லருக்குச் செடி பறித்து அனுப்பியவர்களில் நூற்றுக்கும் மேற்பட்ட பெண்கள் இருந்தார்கள் என்பதையும் வழி காட்டிய பூர்வகுடியினரையும் அண்மைக்கால ஆய்வுகள்தான் வெளியே கொண்டுவந்தன.

இந்தச் சச்சரவு ஓய்ந்துவிடவும் இல்லை. 1995இல் ஹில், ஜான்சன் இருவரும் நூற்றுப்பத்துக்கு மேற்பட்ட இனங்களை யூகலிப்டஸிலிருந்து பிரித்து 'கோரிம்பியா' என்ற தனிப் பேரினம் ஆக்கினார்கள். 2000இல் புரூக்கர் மறுபடி உள்ளே கொண்டுவந்தார். மரங்கள் நின்ற இடத்திலேயே நின்றன.

இப்போது ரிகர்வாவுக்கு வருவோம். அதை எப்படித் தனி இனம் என்று கண்டார்கள்? சில அடி உயரக் குட்டை மாலி. வழவழப்பான பட்டை. மொட்டுகள் மும்மூன்றாக. முதிர்ந்த செடியிலும் இலை சிறியதாக, காம்பில்லாமல், எதிரெதிர் ஜோடியாகவே இருக்கிறது; நுனி பின்பக்கம் வளைந்திருக்கிறது. 'ரிகர்வா' என்றால் பின்வளைந்தது. மற்ற பெரும்பாலான யூகலிப்டஸ்கள் கன்றுப் பருவத்தோடு விட்டுவிடுகிற எதிரிலை அமைப்பை இது கடைசிவரை வைத்துக்கொண்டிருக்கிறது. பக்கத்தில் போய் உட்கார்ந்து பார்த்தவனுக்குத்தான் இது பிடிபடும். சாலையில் போகிறவனுக்கு அது வெறும் புதர். நூற்றைம்பது வருஷம் ஆடு மேய்த்த, பொன் தோண்டிய நிலத்தில் அது 1980கள்வரை 'இல்லாமல்' இருந்தது இப்படித்தான்.

4

'அரியது' என்றால் என்ன? 1981இல் டெபோரா ராபினோவிட்ஸ் என்கிற சூழலியலாளர் ஒரு தெளிவைக் கொண்டுவந்தார். மூன்று கேள்வி கேளுங்கள் என்றார். பரவியிருக்கும் பரப்பு பெரிதா சிறிதா? எந்த மண்ணிலும் வளருமா, குறிப்பிட்ட வாழிடம் வேண்டுமா? இருக்கும் இடத்தில் கூட்டமாக இருக்கிறதா, ஒன்றிரண்டாகவா? பதில்களைச் சேர்த்தால் எட்டு வகை வரும். அதில் ஒன்றுதான் 'சாதாரணம்'; மற்ற ஏழும் ஏழுவிதமான அருமை. ஆக, அரியது என்பது ஒரே குணமில்லை. காவேரிக்கரை முழுக்க அங்கொன்று இங்கொன்றாக இருப்பதும் அரிது. ஒரே குன்றில் ஆயிரம் இருப்பதும் அரிது. இரண்டுக்கும் செய்ய வேண்டிய காரியம் வேறு வேறு.

ரிகர்வா மூன்று கேள்வியிலும் தோற்கிற செடி. போதாததற்குச் செடிகள் ஒன்றுக்கொன்று தொலைவில் இருக்கின்றன. யூகலிப்டஸ்களில் பெரும்பாலும் வேறு செடியின் மகரந்தம் வந்தால்தான் நல்ல விதை கட்டும். பூ பூக்கும், தேனீ வரும், ஆனால் அடுத்த செடி அதன் பறக்கும் தூரத்துக்குள் இல்லை. ஒன்றின் மகரந்தத்தை மனிதர்கள் கையால் கொண்டுபோய் இன்னொன்றில் சேர்க்கிற முயற்சிகள் நடந்திருக்கின்றன.

அப்படியானால் இவ்வளவு காலம் எப்படித் தாக்குப்பிடித்தது? மண்ணுக்குள் இருக்கிற கிழங்குபோன்ற மரக்கட்டியால். தீ வந்து மேல்தண்டு கருகினாலும் கட்டியிலிருந்து மறுபடி துளிர்க்கும். தண்டு இளசு, அடி கிழடு. ரிகர்வாவின் அடிக்கட்டிகளுக்குப் பல ஆயிரம் ஆண்டு வயதிருக்கலாம் என்று மதிப்பிடுகிறார்கள். அதனால் 'பனியுக யூகலிப்டஸ்' என்று செல்லப்பெயர் வேறு.

இந்தச் செல்லப்பெயரைக் கொஞ்சம் சந்தேகத்தோடுதான் பார்க்கணும். குளிர்ந்த காலத்தில் பரவலாக இருந்து, வெப்பம் கூடக் கூடச் சுருங்கியிருக்கலாம் என்பது ஏற்கக்கூடிய ஊகம். ஆனால் 'பனியுகத்தின் மிச்சம்' என்று சொல்லி முடித்துவிட்டால் நடுவில் வந்த இருநூறு வருஷக் காடழிப்பு கதையிலிருந்து நழுவிப்போகிறது. குற்றவாளி பருவநிலை, அதுவும் பத்தாயிரம் வருஷத்துக்கு முந்தைய பருவநிலை. ஆட்டுப் பட்டியும் கோடரியும் நிரபராதிகள். இதற்கு முன் இந்த நிலம் 'கன்னிக்காடா'கக் கிடந்ததும் இல்லை. பூர்வகுடி மக்கள் திட்டமிட்டு, பருவம் பார்த்துத் தீயிட்டு நிலத்தைப் பேணினார்கள். 1969இல் ரைஸ் ஜோன்ஸ் இதற்குத் 'தீக்கொள்ளி வேளாண்மை' என்று பெயர் வைத்தார். தீயோடு வாழப் பழகிய மரத்துக்கு, தீயை நடத்தியவர்கள் துரத்தப்பட்டதும் ஒரு வரலாற்று நிகழ்ச்சிதான்.

மேற்கு ஆஸ்திரேலியாவின் மீலப் மாலி இன்னொரு சிக்கலைக் காட்டுகிறது. 1992இல் ஜான்சனும் ஹில்லும் அதை 'யூகலிப்டஸ் ஃபைலாசிஸ்' என்று தனி இனமாக விவரித்தார்கள். ஒரே இடத்தில் இருபத்தைந்துக்கு மேற்பட்ட தண்டுகள். பின்னால் மரபணுவைச் சோதித்தபோது எல்லாமே ஒரே செடி என்று தெரிந்தது. அடிக்கட்டி பரவிப் பரவி, நடுப்பகுதி செத்து, தனித்தனிபோல் தெரிகிற ஒரே உயிர். ஆறாயிரம் வருஷத்துக்கு மேல் வயது என்று கணக்கு. அதோடும் முடியவில்லை: அது தனி இனமே இல்லை, இரண்டு யூகலிப்டஸ்களின் இயற்கைக் கலப்பு என்று இப்போது கொள்கிறார்கள். ஓர் இனம், அந்த இனத்தில் ஒரே ஓர் ஆள், அந்த ஆளும் கலப்பு! 'இனத்தூய்மை'யை அளவுகோலாக வைத்தால் இதைக் காப்பாற்ற நியாயமே இல்லை. ஆனாலும் அருகிவரும் தாவரப் பட்டியலில் அது இருக்கிறது. இருக்கவும் வேண்டும். ஆறாயிரம் வருஷம் ஒரே மண்ணைப் பிடித்துக்கொண்டிருக்கிற உயிருக்கு வம்சச் சான்றிதழ் கேட்பது நம்முடைய நோய், அதன் குறைபாடு அல்ல.

5

இனி, 'கடைசியானது'. நெல்சன் யூகலிப்டஸ் கிளையை ஒடித்த அதே புரூனி தீவில், சுமார் 1812இல், நியூனோனி குலத்தில் ட்ருகனினி பிறந்தாள். அவள் தலைமுறை கண்டது படுகொலையும் கடத்தலும் நாடுகடத்தலும். 1869இல் வில்லியம் லேன் என்கிற தாஸ்மேனியப் பூர்வகுடி ஆண் இறந்தபோது, 'அறிவியலுக்காக' அவன் உடலைச் சிதைத்தார்கள். தனக்கும் அது நடக்கும் என்று ட்ருகனினி பயந்தாள். 1876இல் செத்தாள். இரண்டு வருஷத்தில் எலும்புகளைத் தோண்டி எடுத்தார்கள். 1904 முதல் 1947 வரை அவள் எலும்புக்கூடு ஹோபார்ட் மியூசியத்தில் காட்சிப்பொருள். 1976இல்தான், செத்து நூறு வருஷம் கழித்து, உடல் எரிக்கப்பட்டுச் சாம்பல் கடலில் சேர்ந்தது. தோலும் முடியும் லண்டனிலிருந்து திரும்பி வர 2002 ஆயிற்று.

பலகையில் என்ன எழுதினார்கள்? 'கடைசித் தாஸ்மேனியர்'. அது பொய். ஃபேனி காக்ரேன் ஸ்மித் 1905வரை உயிரோடிருந்தார். 1899லும் 1903லும் தன் மக்களின் பாடல்களை மெழுகு உருளையில் பாடிப் பதிவு செய்தார். அவருடைய வழியிலும் மற்றவர்கள் வழியிலும் வந்த மக்கள் இன்றும் தாஸ்மேனியாவில் இருக்கிறார்கள். கலப்பு என்று சொல்லி அவர்களைக் கணக்கிலிருந்து எடுத்துவிட்டால்தான் 'கடைசி' கிடைக்கும். கடைசி கிடைத்துவிட்டால் நிலத்தைக் கேட்க ஆள் இல்லை. இரக்கப்படுவது மட்டும் மிச்சம்; இரக்கத்துக்குச் செலவு கிடையாது.

மரத்தையும் மனுஷியையும் ஒன்றாக்குவதாக யாரும் கோபப்பட வேண்டாம். ஒன்றாக்கியது அந்த மியூசியம். ஒரே நூற்றாண்டில், ஒரே விதமான பெட்டிகளில், ஒரே விதமான சீட்டு ஒட்டி. அதனால்தான் 'அரிய', 'கடைசி', 'தூய' போன்ற சொற்கள் தாவரவியலில் வரும்போதும் அவற்றின் பழைய வாசம் நமக்கு உறைக்க வேண்டியிருக்கிறது. 1992 ஜூன் 3இல் மேர் தீவு மக்கள் தொடுத்த மாபோ வழக்கில் ஆஸ்திரேலிய உச்ச நீதிமன்றம் 'யாருமில்லா நிலம்' கருத்தை நிராகரித்தது. அதற்கு இருநூற்று நான்கு வருஷம் பிடித்தது.

6

சரி, இதில் நமக்கு என்ன? 1843இல் கேப்டன் காட்டன் நீலகிரிக்கு நீல யூகலிப்டஸைக் கொண்டுவந்தார். 1860களிலிருந்து அரசுத் தோட்டங்கள் வளர்ந்தன. படைமுகாமுக்கும் ஊருக்கும் விறகு வேண்டும், அப்புறம் தேயிலை ஆலைக்கு விறகு. நட்ட இடங்களில் பெரும்பகுதி சோலைக்காட்டுக்கு நடுவே இருந்த புல்வெளி. தோதவர்கள் எருமை மேய்த்த அந்தப் புல்வெளி காலனிய ஏட்டில் 'தரிசு'. தரிசு என்பது 'யாருமில்லா நிலம்' என்பதன் தமிழ்நாட்டு ஒன்றுவிட்ட சகோதரன். அங்கே குடிமக்களைத் துடைத்த தர்க்கம், இங்கே அவர்களுடைய மரத்தை வைத்தே புல்வெளியைத் துடைத்தது. கடைசியில் இந்தியில் இந்த மரத்துக்கே 'நீலகிரி' என்று பெயராகிவிட்டது. ஆக்கிரமிக்கப்பட்ட மலையின் பெயரையே ஆக்கிரமித்த மரம் வாங்கிக்கொண்டது.

ஆகவே மொங்கார்லோவின் குட்டைச் செடியும் ஊட்டியின் நெடுமரமும் எதிரெதிர்க் கதைகள் இல்லை, ஒரே கதையின் இரண்டு முனைகள். ஒரு யூகலிப்டஸை உலகெங்கும் பெருக்கிய ஏற்பாடுதான் இன்னொரு யூகலிப்டஸைச் சொந்த மண்ணில் கவனிக்காமல் விட்டது. விறகும் மரக்கூழும் தைலமும் தருகிற யூகலிப்டஸ் 'வளம்' ஆனது. தராதது 'புதர்' ஆனது. எனவே 'யூகலிப்டஸ் நல்லதா கெட்டதா' என்கிற பட்டிமன்றத்தில் அர்த்தமில்லை. எந்த யூகலிப்டஸ், எந்த மண்ணில், யாருடைய நிலத்தை எடுத்துக்கொண்டு, யாருக்கு லாபமாக? இப்படிக் கேட்கணும்.

அதே மூச்சில் 'வந்தேறி' என்ற சொல்லையும் கவனிக்க வேண்டும். மரத்தின் மேல் வீசுகிற அந்தச் சொல் மரத்தோடு நிற்பதில்லை. 1964 ஒப்பந்தத்தால் இலங்கையிலிருந்து அனுப்பப்பட்ட மலையகத் தமிழர்கள் அதே நீலகிரியில்தான் குடியமர்த்தப்பட்டார்கள். அவர்கள் காதில் இந்தச் சொல் எப்படி விழும் என்று யோசிக்காத சூழலியம் பாதிச் சூழலியம்தான். நீல யூகலிப்டஸ் தானாக நடந்து வரவில்லை. யாரும் கூப்பிடாமல் வந்த குற்றம் அதன் மேல் இல்லை. புல்வெளியை மீட்க அதை வெட்ட வேண்டிய இடத்தில் வெட்டலாம், திட்ட வேண்டியதில்லை.

ரிகர்வாவைக் காப்பாற்றுவது என்றால் என்ன? ஒட்டுப்போட்டு, விதை சேமித்து, பூங்காவில் நாலு கன்று வளர்த்துவிடலாம். அது தேவைதான். ஆனால் கண்ணாடிப்பெட்டிக்குள் பாதுகாப்பது என்னவென்று ட்ருகனினியின் தீவுக்குத் தெரியும். ஓர் இனம் உயிரோடிருப்பது என்பது அடுத்த செடியின் மகரந்தம் தானாக வந்து சேருகிற தூரத்தில் இன்னொரு செடி இருப்பது. அதற்கு நிலம் வேண்டும். நிலம் யாருடையது, அதில் என்ன செய்யலாம், எப்போது தீயிடலாம் என்று சொல்லும் உரிமை யாருக்கு என்கிற பழைய வழக்கு அங்கே இன்னும் முடியவில்லை. விரல்விட்டு எண்ணும் அந்தச் செடிகளின் கதி அந்த வழக்கோடு சேர்ந்துதான் முடிவாகும்.